ஆறே முக்காலில் நின்ற முகூர்த்தம்

தும்பைக்குளத்துக்காரர்கள் நல்லவர்கள். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிறகு சொல்ல இடம் கிடைக்காமல் போகலாம். அவர்களிடம் ஒன்று சொன்னால் அதை அப்படியே கேட்டு, அப்படியே செய்து, செய்த இடத்திலேயே அடுத்து என்ன என்று காத்து நிற்பார்கள். சுற்றுப்பட்டு ஊர்களில் இந்தக் குணத்துக்கு வேறு ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள். அது நமக்கு வேண்டாம்.

அந்த ஊரில் பிறந்தவர்தான் காலத்தையே கட்டி ஆண்ட தாண்டவராயன். தையல் மிஷின் பழுது பார்ப்பது அவருடைய தொழில். ஆனால் என்ன தொழில் என்று யாராவது கேட்டால், "காலம்" என்று ஒரே வார்த்தையில் முடித்துக்கொள்வார். காலத்தை வைத்துக்கொண்டு என்ன செய்கிறீர்கள் என்று மேற்கொண்டு கேட்டால், இப்போதைக்கு யோசித்துக்கொண்டிருப்பதாகச் சொல்வார். மனைவி இறந்த பிறகு ஒரே மகள் செவ்வந்தியை வளர்த்தது போக மீதி நேரமெல்லாம் அவர் யோசித்ததுதான்.

அவருக்கு உதவியாளர்கள் மூன்று பேர். தங்கை ராக்கு, பக்கத்து வீட்டு ஒச்சப்பன், எதிர்வீட்டு விருமாண்டி. மூவரும் தாண்டவராயன் வாயிலிருந்து வருவது எதையும் கீழே விழ விடமாட்டார்கள். ஊர் இந்த மூவரைப் பார்த்து நடந்துகொள்ளும்.

அவருடைய முதல் கண்டுபிடிப்பு ஒரு கோடையில் நடந்தது. வெயில் தாங்கவில்லை என்று ஊரே புலம்பியதும், சாயங்காலத்தைச் சீக்கிரம் வரவழைத்துவிடலாம் என்று சொல்லி, காலையிலேயே எல்லாக் கடிகாரங்களையும் திருப்பி ராத்திரி எட்டு மணி ஆக்கினார். ஊர் விளக்கேற்றிச் சாப்பிட்டுவிட்டுத் தெருவில் பாய் விரித்துப் படுத்தது. ஒச்சப்பன் மட்டும், முதுகு சுடுகிறதே என்று கேட்டார். தாண்டவராயன் எழுந்து அண்ணாந்து பார்த்துவிட்டு, சூரியன் இன்னும் பழைய நேரத்திலேயே இருக்கிறது, பாவம், யாரும் அதற்குச் சொல்லவில்லை என்றார். எல்லாரும் சூரியனுக்காக இரக்கப்பட்டுத் திரும்பிப் படுத்தார்கள்.

அன்றைக்குத்தான் செவ்வந்தியை முதன்முதலாகப் பெண் பார்க்க வந்தார்கள். வந்தவர்கள் பட்டப்பகலில் விளக்கேற்றி வைத்துவிட்டு ஒரு ஊரே குறட்டை விடுவதைப் பார்த்தார்கள். ராக்கு பாதித் தூக்கத்தில் எழுந்து உட்கார்ந்து, இந்நேரத்துக்கா பெண் பார்க்க வருவார்கள், நாகரிகம் தெரிந்தவர்கள் பகலில் வாருங்கள் என்று சொல்லி அனுப்பிவிட்டார். அவர்கள் மறுபடி வரவில்லை.

இரண்டாவது கண்டுபிடிப்பு சேமிப்பு பற்றியது. ஆபத்துக்கு உதவட்டும் என்று ஊரிலிருந்த நாள்காட்டிகளில் வெள்ளிக்கிழமைகளை எல்லாம் கிழித்து ஒரு டிரங்குப் பெட்டியில் போட்டுப் பூட்டினார் தாண்டவராயன். அடுத்த வரன் வந்தது ஒரு வெள்ளிக்கிழமை. ஒச்சப்பன் அவர்களை ஊர் முகப்பிலேயே மறித்து, எங்கள் ஊரில் வெள்ளிக்கிழமை கிடையாது, வியாழனோ சனியோ வாருங்கள் என்று கும்பிட்டுச் சொன்னார். அந்த வரனும் போனது.

செவ்வந்தி அழவில்லை. அழுதால் அப்பா அந்த நிமிஷத்தை ஊரிலிருந்தே நீக்கிவிடுவார் என்று அவளுக்குப் பயம்.

இப்படியிருக்க ஆனைக்கரையிலிருந்து தவசி என்ற பையன் வந்தான். அவன் வந்ததும் நல்ல நாள், சொன்ன நேரமும் சரியான நேரம். பெண்ணுக்குப் பையனைப் பிடித்தது, பையனுக்கும் பெண்ணைப் பிடித்தது. ஒரே ஒரு சங்கடம், தவசியின் தாய்மாமன் மாயழகு. அவர் ராகுகாலம் பார்க்காமல் தும்மக்கூட மாட்டார். திங்கட்கிழமை காலை ஏழரைக்கு ராகுகாலம், அதற்குள் தாலி ஏறவில்லை என்றால் வந்த வண்டியிலேயே திரும்பிவிடுவோம் என்று வெற்றிலை பாக்கு மாற்றும்போதே சொல்லிவிட்டார்.

செவ்வந்தி அன்றைக்கு அப்பாவைத் தனியாகக் கூப்பிட்டாள்.

"அப்பா, எனக்கு இந்தக் கல்யாணம் வேணும். அன்னைக்கு ஒரு நாளு மட்டும் நீங்க நேரத்தைத் தொடாம இருந்தாப் போதும்."

தாண்டவராயனுக்குக் கண் கலங்கிவிட்டது. மகள் வாயைத் திறந்து கேட்டது அதுதான் முதல் தடவை. தொடமாட்டேன் என்று சத்தியம் செய்தார். ஆனால் ஏதாவது அவசரம் என்றால் கையில் ஒரு கருவியாவது இருக்க வேண்டுமே என்று உடனே காலநிறுத்தியைச் செய்ய ஆரம்பித்தார்.

ஒரு பழைய தையல் மிஷின் சக்கரம், கிணற்றுக் கப்பி, கதவுத் தாழ்ப்பாள் ஒன்று, இவற்றை எல்லாம் சேர்த்துக் கட்டிய ஒரு நீளமான கம்பு. கம்பின் ஒரு முனையை மார்பு உயரத்துக்குத் தூக்கிப் பிடித்தால், பக்கத்தில் நட்டிருந்த மூங்கிலின் உச்சிக்கு ராக்குவின் பழைய சிவப்புச் சேலை ஏறும். சேலை ஏறியதும் காலம் நின்றுவிடும். கையை விட்டால் கம்பின் கனத்திலேயே சேலை இறங்கிக் காலம் ஓட ஆரம்பித்துவிடும். காலம் என்பது என்ன, எல்லாம் அசைவதுதானே, ஆகவே எதுவும் அசையாவிட்டால் காலம் இல்லை என்பது தாண்டவராயனின் சித்தாந்தம். சேலை ஏறியதும் ஊர் எல்லைக்கல்லுக்குள் இருக்கிற யாரும் அசையக் கூடாது என்று ஊருக்குச் சொல்லப்பட்டது.

ஒத்திகைக்கு முன்னால் ராக்குவுக்கு ஒரு சந்தேகம் வந்தது. மூச்சு விடலாமா என்று கேட்டார். தாண்டவராயன் நெடுநேரம் யோசித்தார்.

"விடலாம். ஆனா பக்கத்துல இருக்கிறவுகளுக்குத் தெரியக் கூடாது."

சேலை ஏறியது. தும்பைக்குளம் நின்றது. அந்த மாதிரி ஒரு ஊர் நின்று நான் கேள்விப்பட்டதே இல்லை. தண்ணீர் தெளிக்கக் குனிந்த பெண் குனிந்தபடி நின்றாள். சண்டை போட்டுக்கொண்டிருந்தவர்கள் சட்டையைப் பிடித்தபடி நின்றார்கள். யாரும் அசையவில்லை, ஆகவே இயந்திரம் வேலை செய்கிறது என்பது நிரூபணமாகிவிட்டது. ஒரே ஒரு குறை, ராக்கு வீட்டு அடுப்பில் பால் பொங்கி வழிந்துவிட்டது. அதைப் பற்றி நால்வரும் உட்கார்ந்து தீர விசாரித்தார்கள். ஊருக்கெல்லாம் சொன்னவர்கள் பாலுக்குச் சொல்லாமல் விட்டது தங்கள் தப்புதான் என்று முடிவானது. அன்றிலிருந்து ராக்கு பாலை அடுப்பில் ஏற்றும்போதே பக்குவமாக விஷயத்தைச் சொல்லிவைப்பார்.

கல்யாண நாள் விடிந்தது. வீட்டு வாசலில் பந்தல், பந்தலுக்குள் மணவறை, மணவறைக்குப் பக்கத்திலேயே கோடித் துணி சுற்றி, சந்தனம் குங்குமம் வைத்த காலநிறுத்தி. மாப்பிள்ளை வீட்டார் மட்டும் வரவில்லை. கடைசியில் ஒரு ஆள் மொபெட்டில் வந்து, மாப்பிள்ளை வேன் ஆற்றுப் பாலத்தில் டயர் வெடித்து நிற்கிறது, மாற்றிக்கொண்டிருக்கிறார்கள், எப்படியும் கொஞ்சம் நேரம் ஆகும் என்று சொல்லிவிட்டு வந்த வழியே போனான். பந்தலில் தொங்கிய கடிகாரத்தில் ஆறே முக்கால்.

தாண்டவராயன் மகளைப் பார்த்தார். மாலையும் கழுத்துமாக உட்கார்ந்திருந்தவள் கண்ணை மூடிக்கொண்டாள். சத்தியத்தை மீறுவதில் அவருக்கு வருத்தம்தான். ஆனால் சும்மா இருந்தால் மகள் வாழ்க்கை போய்விடும் என்று அவர் நிஜமாகவே நம்பினார்.

மளமளவென்று உத்தரவுகள் பறந்தன. விருமாண்டி கடிகாரத்தின் ஊசலைப் பிடித்துக்கொள்ள வேண்டும். ராக்கு சாம்பாருக்கும் பாயசத்துக்கும் தகவல் சொல்ல வேண்டும். ஒச்சப்பன் எல்லைக்கல்லுக்கு அந்தப் பக்கம் நின்று, மாப்பிள்ளை வந்ததும் ஓடிவந்து சொல்ல வேண்டும். கம்பைப் பிடிக்கிற வேலையைத் தாண்டவராயன் யாரையும் நம்பிக் கொடுக்கவில்லை. அவரே இரண்டு கையாலும் தூக்கிப் பிடித்தார். சேலை ஏறியது. நாயனக்காரர் கன்னம் உப்பியபடி நின்றார். பந்திக்கு இலை போடக் குனிந்தவர்கள் இலையோடு நின்றார்கள்.

நிற்கும்போது நேரம் போவது தெரியவில்லை என்று பிறகு பலர் சொன்னார்கள். சாம்பார் அடிப்பிடிக்கும் வாசனை மட்டும் வந்தது. ராக்கு அதை முறைக்கக்கூட முடியாமல் நின்றார்.

வேன் எல்லைக்கல்லுக்கு வந்து சேர்ந்தபோது மாயழகின் கைக்கடிகாரத்தில் ஏழரை தாண்டியிருந்தது. ராகுகாலம் வந்துவிட்டது, வண்டியைத் திருப்பு என்றார் அவர். தவசி அவர் காலைப் பிடிக்காத குறையாகக் கெஞ்சினான். அப்போதுதான் ஒச்சப்பன் கும்பிட்டுக்கொண்டே முன்னால் வந்தார்.

"ஏன் வெசனப்படுறீக? ராகுகாலம் உங்க பக்கந்தான். கல்லுக்கு அந்தப் பக்கம் இன்னும் ஆறே முக்காலுதான்."

மாயழகு நம்பவில்லை. எட்டித் தெருவைப் பார்த்தார். கோலம் போட்ட கை கோலத்தில் நின்றது. ஒருவர் துண்டை உதறித் தோளில் போடப்போய்ப் பாதியில் நின்றிருந்தார். ஆனைக்கரையில் சாமி ஊர்வலத்தின்போதுகூட இவ்வளவு பேர் ஒழுங்காக நின்று அவர் பார்த்ததில்லை. காலம் நிற்காமல் ஒரு ஊர் இப்படி நிற்குமா என்று அவருக்கு மெய்சிலிர்த்துவிட்டது.

"சரி, அப்ப உள்ள போவோம்" என்றார்.

"தாராளமாப் போங்க. ஆனா காலு கல்லைத் தாண்டினதும் அசையக் கூடாது."

"அசையாம எப்படியப்பா மணவறைக்குப் போறது?"

ஒச்சப்பன் யோசித்தார். நியாயமான கேள்வி என்று ஒப்புக்கொண்டார். அப்படியானால் நீங்களாவது போய்ச் சொல்லிக் காலத்தை ஓடவிடச் சொல்லுங்கள் என்றான் தவசி. உள்ளே கால் வைத்தால் நானும் நின்றுவிடுவேனே என்றார் ஒச்சப்பன். இங்கிருந்தே கத்திச் சொல்லுங்கள் என்றான். சொன்னால் காலம் ஓடிவிடும், ஓடினால் உள்ளேயும் ராகுகாலம் வந்துவிடும், சம்மதமா என்று மாயழகைக் கேட்டார் ஒச்சப்பன். சம்மதமில்லை என்றார் மாயழகு. உள்ளே நல்ல நேரம், அசைய முடியாது. வெளியே அசையலாம், கெட்ட நேரம். கடைசியில் மாயழகு டிரைவரைப் பார்த்துக் கையைச் சுழற்ற, வேன் திரும்ப ஆரம்பித்தது.

அந்தச் சத்தம் மணவறையில் இருந்த செவ்வந்திக்குக் கேட்டது. எழுந்துவிட்டாள். பக்கத்தில் நின்ற ராக்கு உதடு அசையாமல், அசையாதேடி என்றார்.

"என்னைத் தடுக்கணும்னா நீங்க அசையணும் அத்தை."

ராக்கு அதை யோசித்துப் பார்த்தார். சரியாகத்தான் இருந்தது. யாரும் தடுக்காமல் செவ்வந்தி சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு தெருவில் ஓடினாள். எதிரில் கம்பைப் பிடித்தபடி நின்ற அப்பாவை அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை. பார்த்தால் கோபத்தில் ஏதாவது சொல்லிவிடுவாள்.

எல்லைக்கல்லுக்கு உள்ளேயே நின்று, வேனை நிறுத்தச் சொல்லிக் கையை ஆட்டினாள். காலம் நின்ற ஊரில் கையை ஆட்டலாமா என்று ஒச்சப்பன் பதறினார். செவ்வந்தி அவர் பக்கமே திரும்பாமல் மாயழகிடம் கேட்டாள்.

"நேரம் பாக்கிறது தாலிக்கா, கட்டுற கைக்கா?"

மாயழகு இத்தனை கல்யாணத்துக்கு நேரம் பார்த்திருக்கிறார், இதை யாரும் கேட்டதில்லை. மீசையை நீவிக்கொண்டு, தாலிக்குத்தான் என்றார். அப்படியானால் ஒன்றும் கஷ்டமில்லை என்று செவ்வந்தி எல்லைக்கு முதுகைக் காட்டி, ஊரைப் பார்த்துத் திரும்பி நின்றாள். தாலி தொங்குவது முன்னால், ஊருக்குள், நல்ல நேரத்தில். முடிச்சு விழுவது பிடரியில், கல்லுக்கு வெளியே, எந்த நேரமானால் என்ன?

அதில் ஒச்சப்பனுக்கு ஒரு ஆட்சேபம் இருந்தது. கழுத்து நடுவில் அல்லவா கோடு போகிறது, பெண் ஒரு இம்மி பின்னால் சாய்ந்தாலும் தாலி ராகுகாலத்துக்குள் போய்விடுமே என்றார். அதற்கு அவரே வழியும் கண்டுபிடித்து, கல்லுக்கு நேராகத் தன் துண்டை இழுத்துப் பிடித்துக் காட்டினார். மாயழகு குனிந்து ஒரு கண்ணை மூடிப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார். தவசி முதல் முடிச்சைப் போட்டான். மற்ற இரண்டையும் வழக்கப்படி, வேனில் வந்திருந்த அவனுடைய அக்கா போட்டாள். கெட்டிமேளத்துக்கு ஆள் இல்லாததால் வேன் டிரைவர் ஹாரனை அழுத்திப் பிடித்தார்.

ஊர்ப்பக்கம் பார்த்து நின்ற செவ்வந்திக்கு, தூரத்தில் மூங்கில் உச்சியில் சிவப்புச் சேலை நடுங்குவது தெரிந்தது. காற்றே இல்லை. கம்பைப் பிடித்திருந்த கை நடுங்குகிறது என்று அவளுக்கு உடனே புரிந்தது. அவ்வளவு நேரம் இருந்த கோபம் எங்கே போனதென்று தெரியவில்லை. முடிச்சு விழுந்ததும் விறுவிறு என்று பந்தலுக்கு நடந்தாள்.

தாண்டவராயன் இரண்டு கையும் விறைத்து, கண்ணில் தண்ணீர் வழிய நின்றிருந்தார். கண்ணீரை நிறுத்த முடியாதது அவருக்கே அவமானமாக இருந்திருக்கும். செவ்வந்தி அவர் விரல்களை ஒவ்வொன்றாகக் கம்பிலிருந்து எடுத்துவிட்டாள்.

"போதும்ப்பா. விடுங்க."

சேலை இறங்கியது. தும்பைக்குளம் ஒரே மூச்சாக மூச்சு விட்டது. நாயனம் பீறிட்டது. விருமாண்டி ஊசலை விட்டதும் கடிகாரம் ஆறே முக்காலிலிருந்து டிக் டிக் என்று கிளம்பியது. தாண்டவராயன் முதல் காரியமாக, மாப்பிள்ளை வரவில்லையா, நல்ல நேரம் போகிறதே, நீ போய் மணவறையில் உட்கார் என்றார். அப்புறம்தான் மகள் கழுத்தைப் பார்த்தார்.

மஞ்சள் கயிறு. தாலி. மூன்று முடிச்சு.

தாண்டவராயன் கடிகாரத்தைப் பார்த்தார். மறுபடி தாலியைப் பார்த்தார். முகூர்த்தத்துக்கு இன்னும் நேரம் இருக்கிறது, அதற்குள் யாரோ பெண்ணுக்குத் தாலி கட்டிவிட்டார்கள் என்று சொல்லிவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார். பந்தலில் சலசலப்பு எழுந்தது.

அதே நேரத்தில் தவசியும் மாயழகும் உள்ளே வந்தார்கள். தாலி கட்டியது நான்தான் மாமா என்றான் தவசி. எத்தனை மணிக்கு என்று விருமாண்டி கேட்டார். ஒரு எட்டு மணி இருக்கும் என்றான் அவன். விருமாண்டி கடிகாரத்தைச் சுட்டிக்காட்டினார். ஊர் முழுக்க அவனைப் பரிதாபமாகப் பார்த்தது.

"தம்பி எட்டு மணிக்குத் தாலி கட்டினேங்கிறாரு. எட்டு மணி இன்னும் வரவே இல்லை. நடக்காத ஒண்ணை நடந்ததாச் சொல்றாரு" என்றார் விருமாண்டி.

தாலியோ இப்போதே கழுத்தில் இருக்கிறது. ஆறே முக்காலுக்கு மாப்பிள்ளை எங்கே இருந்தார் என்று ராக்கு கேட்க, ஆற்றுப் பாலத்தில் டயர் மாற்றிக்கொண்டிருந்தார் என்று மாயழகே வாக்குமூலம் கொடுத்துவிட்டார். ஒச்சப்பனைச் சாட்சிக்குக் கூப்பிட்டார்கள். அவர் மனச்சாட்சி உள்ளவர். தாலி கட்டிய கை வெளியூர்க் கை, அது இந்த ஊர் நேரத்தில் சேராது, ஆகவே கட்டியது யார் என்று தம்மால் உள்ளூர்க் கணக்கில் சொல்ல முடியாது என்றார். விஷயம் முடிந்தது. மாப்பிள்ளை வருவதற்கு முன்பே பெண்ணுக்கு வேறு எங்கோ கல்யாணம் ஆகிவிட்டது. கல்யாணமான பெண்ணுக்கு மறுபடி கல்யாணம் செய்ய எந்த ஊரிலும் வழக்கமில்லை.

தவசிக்குக் கோபம் வந்தது. ஏதோ சொல்ல வாயைத் திறந்தான். செவ்வந்தி கண்ணாலேயே வேண்டாம் என்றாள். அவளுக்கு இந்த ஊரோடு பழக்கம் உண்டு. இன்னும் ஒரு வார்த்தை பேசினால் அப்பா மறுபடி கம்பைப் பிடித்துவிடுவார்.

தாண்டவராயன் எழுந்து தவசியின் கையைப் பிடித்துக்கொண்டார். அவருக்கு நிஜமாகவே துக்கம் பொங்கியது.

"எங்களை மன்னிக்கணும் தம்பி. உங்களுக்காகத்தான் காலத்தையே நிப்பாட்டினேன். அதுக்குள்ள எவனோ முந்திக்கிட்டான். உங்களைப் போல ஒரு பையன் கிடைக்க எம் பொண்ணுக்குக் கொடுத்துவைக்கலை."

மாயழகுகூடக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். எதற்கு என்று அவருக்கே தெரியாது. கருகிய சாம்பாராக இருந்தாலும் சாப்பிட்டுவிட்டுத்தான் போக வேண்டும் என்று ராக்கு வற்புறுத்தினார். தோற்றுப்போன மாப்பிள்ளைக்கு ஆறுதலாக இரண்டு அப்பளம் கூடப் போட்டார்கள். பந்தியில் ஒவ்வொருவரும் வந்து தவசியின் தோளைத் தட்டி, மனசைத் தளரவிடாதே, உனக்கென்று ஒருத்தி எங்காவது இருப்பாள் என்று சொல்லிவிட்டுப் போனார்கள். அவன் பாயசத்தைக் குடித்துக்கொண்டே, இருப்பாள் என்று தலையாட்டினான்.

கிளம்பும் நேரத்தில் தாண்டவராயன் மகளிடம் மெதுவாக வந்து, நடந்தது நடந்துவிட்டது, உன் வீட்டுக்காரருக்கு எந்த ஊர், அதையாவது சொல் என்றார்.

"ஆனைக்கரைப்பா" என்றாள் செவ்வந்தி.

தாண்டவராயன் முகம் மலர்ந்துவிட்டது. ஓடிப்போய் வேனை மறித்தார்.

"தம்பி, ஒரு உபகாரம் செய்யணும். நீங்களும் ஆனைக்கரைக்குத்தானே போறீக? எம் பொண்ணையும் ஏத்திக்கிட்டுப் போயி, அவ புருஷன் வீட்டுல இறக்கி விட்டுருங்க."

தவசி கைகட்டி நின்று, அப்படியே ஆகட்டும் மாமா, பத்திரமாகக் கொண்டுபோய்ச் சேர்க்கிறேன் என்றான். இவ்வளவு நல்ல பையன் தவறிப்போனானே என்று ராக்கு வாய்விட்டு அழுதார். செவ்வந்தியும் அப்பாவைக் கட்டிக்கொண்டு அழுதுவிட்டு வேனில் ஏறித் தவசிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

வேன் கிளம்பும்போது விருமாண்டிக்கு அது கண்ணில் பட்டது. அடுத்தவன் பெண்டாட்டியை ஒரு கன்னிப்பையன் பக்கத்தில் உட்காரவைத்து அனுப்பினால் நாளைக்கு அவள் புருஷன் என்ன நினைப்பான் என்று சொல்லிக்கொண்டே ஓடிவந்து ஏறி, இருவருக்கும் நடுவில் உட்கார்ந்தார். ஆனைக்கரை போய்ச் சேர்ந்து, புருஷன் வீட்டு வாசலில் ஆரத்தி எடுத்து அவளை உள்ளே அழைக்கும் வரைக்கும் அவர் அந்த நடு இடத்தை விட்டுக் கொடுக்கவில்லை. அவளுக்குப் பின்னாலேயே உள்ளே போகப்பார்த்த தவசியை மட்டும், இது அந்நியர் வீடு தம்பி, உனக்கு இங்கே என்ன வேலை என்று சட்டையைப் பிடித்து வெளியே நிறுத்திவிட்டார்.